மாட்டுக்கு வழி விடுவது

டேக்வாண்டோ ஆடுகிறவள் என்றால் பயமே தெரியாதவள் என்று ஊரில் நினைக்கிறார்கள். எனக்கு நன்றாகத் தெரிந்தது பயம் ஒன்றுதான். விடியுமுன் குன்னூர் பஸ்ஸைப் பிடிக்கத் தேயிலைக்குள் நடந்து வளர்ந்தவள் நான். மூடுபனியில் எதிரே நிற்பது புதரா, காட்டுமாடா என்று தெரியாது. எஸ்டேட்டில் கொழுந்து பறிக்கும் அம்மா, பயிற்சிக்குப் போகும் என்னைப் பஸ் ஏற்றிவிட டார்ச்சோடு கூட வருவாள்.

மாடு குறுக்கே நின்றால் என் ஸ்வெட்டரை முதுகுப்பக்கம் கொத்தாகப் பிடித்துக்கொள்வாள். "ஓடாத. முதுகக் காட்டாத. அதப் பாத்துக்கிட்டே மெதுவாப் பின்னால வா" என்பாள். அவள் இழுக்க இழுக்க நான் அடிமேல் அடி வைத்துப் பின்வாங்குவேன். எங்கள் எஸ்டேட்டில் எல்லாரும் இப்படித்தான். மாட்டுக்கு வழி விட்டவர்கள்தான் மறுநாள் வேலைக்கு வருவார்கள்.

என் முதல் வெளிநாட்டுப் போட்டியில் இந்தப் பாடம்தான் என்னைக் கவிழ்த்தது. எதிரில் நின்றவள் என்னைவிட ஒரு தலை உயரம். அவள் தோள் அசைந்ததுமே கண்ணை எடுக்காமல் பின்வாங்கினேன், எங்கள் பாதையில் செய்வது போலவே அழகாக. குதிகால் கோட்டைத் தாண்டியது. களத்துக்கு வெளியே கால் வைத்தால் எதிராளிக்கு ஒரு புள்ளி. அப்படித் தானம் செய்தே முதல் சுற்றை இழந்தேன். மூன்று சுற்றில் இரண்டை ஜெயிக்க வேண்டும்; அடுத்ததும் போனால் ஆட்டத்தோடு அணியில் என் இடமும் போய்விடும்.

இடைவேளையில் பயிற்சியாளர் தண்ணீரை நீட்டிக்கொண்டே, அவள் இன்னும் உன்னை ஒழுங்காக உதைக்கவே இல்லை, அதற்குள் ஏன் ஓடுகிறாய் என்று கேட்டார். ஓடவில்லை சார், வழி விடுகிறேன் என்று சொல்லவா முடியும்?

இரண்டாம் சுற்றிலும் அவள் பாய்ந்து வந்தாள். என் கால் தானாகப் பின்னால் போனது. முதுகில் அம்மாவின் பிடிக்காகக் காத்திருந்தேன். யாரும் பிடிக்கவில்லை. எனக்குப் பின்னால் கோடு மட்டும்தான் இருக்கிறது என்பது அப்போதுதான் உறைத்தது. அப்படி ஒரு பயம் எனக்கு அதற்கு முன் வந்ததில்லை. அந்தப் பயத்தில்தான் உதைத்தேன். அவள் மார்புக் கவசத்தில் பட்டது. திரும்பவும் உதைத்தேன். அந்தச் சுற்றும் அதற்கடுத்த சுற்றும் எனக்கே கிடைத்தன.

மாலையில் அம்மாவுக்குப் போன் செய்தேன். ஜெயித்ததைக் கேட்டு அழுதாள். பிறகு, காலையில் வேலைக்குப் போகும்போது எங்கள் பாதை வளைவில் ஒரு பெரிய மாடு நின்றது என்று பேச்சோடு பேச்சாகச் சொன்னாள். என்ன செய்தாய் என்று கேட்டேன்.

"ஒன் ஸ்வெட்டரப் பிடிக்கக் கைய நீட்டுனேன் புள்ள. நீ இல்ல. அப்பத்தான் எனக்குப் பயம் வந்துச்சு."

அம்மாவுக்குப் பயமே கிடையாது என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன். நான் ஊர் திரும்ப இன்னும் சில நாட்கள் இருந்தன. அத்தனை விடியலிலும் அவள் அந்த வளைவைத் தனியாகத்தான் கடக்க வேண்டும்.