இன்னும் ஒரு முழம்

எனக்கு எண்பத்தாறு வயது. நான் பெற்றது ஆறு, செத்துப்போன நாத்தனார் விட்டுச்சென்றது ஒன்று, ஆக ஏழு பேரை வளர்த்தேன். யார் வாசலிலும் போய் நின்றதில்லை. எழுத்து கொஞ்சம்தான் தெரியும். ஆனாலும் இதை நானே எழுத வேண்டும்.

கலியாணமாகி வந்தபோது திருவொற்றியூருக்கு வடக்கே, கடலுக்குக் கூப்பிடு தூரத்தில், என் வீட்டுக்காரருக்கு மணல் கொல்லை இருந்தது. கத்தரியும் முளைக்கீரையும் போடுவோம். கொல்லை நடுவே ஒரு துரவு. சுவர் எதுவும் கிடையாது, மணலில் சரிவாகத் தோண்டிய பள்ளம்தான். இரண்டு கையிலும் குடத்தோடு இறங்கி, மொண்டு, ஏறி வந்து செடிக்கு ஊற்ற வேண்டும்.

இரண்டு வருஷம் மழை இல்லை. பள்ளத்தில் குடம் முங்கவில்லை, கொட்டாங்கச்சியால் மொண்டோம். பூவெடுத்த கத்தரி வாடிக்கொண்டிருந்தது. என்னால் ஓரிடத்தில் உட்கார முடியவில்லை. பள்ளத்துக்கும் பாத்திக்கும் நடந்துகொண்டே இருந்தேன்.

"இன்னும் ஒரு மொழம் தோண்டுய்யா," என்றேன்.

"வாணாம்மே. இங்க மேல் தண்ணிதான் நல்ல தண்ணி. கீழ போனா உப்பு கீது."

நான் ஊத்துக்கோட்டைப் பக்கத்துப் பெண். எங்கள் ஊரில் தோண்டத் தோண்டத்தான் தண்ணீர். கடலோர மண்ணைப் பற்றி எனக்கு என்ன தெரியும்?

"உப்பாவது, புளியாவது! ஒடம்பு வணங்கலன்னு சொல்லு. மம்முட்டிய இப்டி குடு, நான் எறங்குறேன்."

அவரே இறங்கினார். ஊற்று பொங்கியது. வாயில் வைத்தேன், தித்திப்பு. "பாத்தியா?" என்றேன். மூன்று நாள் ஓடி ஓடி ஊற்றினேன். நான்காம் நாள் இலை ஓரமெல்லாம் கருகியிருந்தது. தண்ணீரை நாக்கில் வைத்துப் பார்த்தேன். கடல்.

மாமியார் வந்து பார்த்தார். "இன்னாடா பண்ணி வெச்சுகினு நிக்கிற? உங்க நைனாகூட மம்முட்டி வெக்காத ஆழமாச்சேடா! எவன்டா உனுக்குச் சொன்னது?"

என் வீட்டுக்காரர் என்னை ஒரு பார்வை பார்த்தார். "எனுக்கேதான் தோணிச்சும்மா."

நான் வாயைத் திறக்கவில்லை.

பாத்தியில் உப்புப் பூத்தது. அவர் துறைமுகத்துக்குக் கரி தூக்கப் போனார். 'கொல்லையைக் கெடுத்தவன்' என்றது ஊர், சாகும்வரை கேட்டுக்கொண்டார். என் பிள்ளைகளும் இன்றுவரை அப்படித்தான் நம்புகிறார்கள்.

பேராண்டி, கண்ணு, இங்கே வா. இதை உரக்கப் படி, உங்க நைனா காதிலும் விழட்டும். தோண்டச் சொன்னது நான்தான் என்று எழுதியிருக்கிறேன். அப்படித்தான் இருக்கிறதா, பார்த்துச் சொல்லு.