மொட்டைத் தலைகள் சிரித்த ஹிந்திப் படம்

ஏழாம் வகுப்பில் எங்கள் பள்ளியிலேயே ஹிந்தியில் முதல் மதிப்பெண் என்னுடையது. இதை நான் யாரிடமும் சொல்லாமல் இருந்த நாள் கிடையாது. கார்வேட்டிநகரத்தில் பள்ளிக்கூடம் தெலுங்கு, வீடு தமிழ், மூன்றாவதாக வந்து சேர்ந்தது ஹிந்தி. திருத்தணிப் பக்கத்தில் இருந்த சித்தி பிள்ளைகளுக்கு அந்தப் பாடமே இல்லை. விடுமுறைக்கு அவர்கள் வந்தால் போதும், பசுவைப் பற்றிய கட்டுரையை ஹிந்தியில் கடகடவென்று ஒப்பித்து அவர்களை வாயைப் பிளக்க வைத்துவிடுவேன். பசுக் கட்டுரை, ‘என் பள்ளிக்கூடம்’ என்கிற இன்னொரு கட்டுரை, பத்துப் பன்னிரண்டு பழங்களின் பெயர்கள். இவற்றைத் தாண்டி எனக்கு ஹிந்தியில் ஒன்றுமே தெரியாது என்பது எங்கள் ஹிந்தி சாருக்குக்கூடத் தெரியாது. அவர் பரீட்சைக்குக் கொடுப்பதும் அவ்வளவுதான்.

என் புகழ் திருப்பதி வரைக்கும் போய்விட்டிருந்தது. அந்த வருடம் தசரா லீவு விட்ட மறுநாளே அம்மாவின் தம்பி, என் மாமா, பைக்கை எடுத்துக்கொண்டு என்னை அழைத்துப் போக வந்துவிட்டார். எனக்குத் தலைகால் புரியவில்லை. எப்போதும் நாங்களாகத்தான் பஸ் பிடித்துப் போவோம். எனக்காக ஒருவர் பைக்கில் வருவது அதுதான் முதல் தடவை. நைனாவிடம் “போய்ட்டு வர்றேன்” என்று சொன்னேனா என்றுகூட நினைவில்லை.

மாமா திருப்பதியில் இரும்பு கேட்டும் கிரிலும் செய்யும் ஒரு பட்டறையில் வெல்டிங் வேலை செய்தார். கல்யாணமாகி இரண்டு வருடம்தான் ஆகியிருந்தது. அத்தை பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஒரு வளையல் கடையில் நின்றாள். மலைக்கு வரும் வடநாட்டுக்காரர்கள்தான் அங்கே முக்கால்வாசி வாடிக்கை. பத்தாவது பெயிலான அத்தை, கடையில் நின்று நின்றே ஹிந்தி பிடித்துவிட்டாள். அது வெறும் கடை ஹிந்தி, என்னுடையது புத்தக ஹிந்தி என்று எனக்கு உள்ளூர ஒரு கர்வம் உண்டு.

புத்தூரில் டீ குடிக்க வண்டியை நிறுத்தியபோதுதான் மாமா விஷயத்துக்கு வந்தார்.

“ஒரு வேல இருக்குது கண்ணு. உங்க அத்த கடையில ஹிந்திக்காரங்கிட்ட இன்னா பேசுதுன்னு எனுக்குத் தெரியணும். அந்த பாஷ எனுக்கு ஒரு எழுத்து வராது.”

“அத்தையவே கேக்கலாமே மாமா.”

“கேட்டா சொல்லும். அது சொல்றதுதான் நெசம்னு எனுக்கு எப்படித் தெரியும்?”

வளையல் பெட்டிகளை மொத்தமாகக் கொண்டு வந்து போடும் ஆள் ஒருவன் மாதம் ஒரு தடவை வடக்கிலிருந்து வருவானாம். அவன் வந்தால் அத்தை விழுந்து விழுந்து சிரிக்கிறாளாம். மாமாவே எதிர்க்கடையில் நின்று பார்த்திருக்கிறார். இந்த மாதத்தோடு கடைக்கு முழுக்குப் போட்டுவிடச் சொல்லியிருந்தார். அத்தை மூன்று நாளாகப் பேசவில்லை. அந்த ஆள் வருகிற ஞாயிற்றுக்கிழமை வரப்போகிறான், நான் கேட்டு வந்து சொல்வதை வைத்துத்தான் அத்தை வேலைக்குப் போவதா வீட்டில் இருப்பதா என்று முடிவு. வேலையை ஒழுங்காக முடித்தால், நடந்தால் குதிகாலில் லைட் எரியும் செருப்பு எனக்கு.

லைட் எரியும் செருப்பு! எங்கள் வகுப்பில் ஒருத்திக்கும் கிடையாது. மீதிப் பேச்சு எதுவும் என் காதில் விழவில்லை.

ஆனால் மாமா லேசுப்பட்டவர் இல்லை. சனிக்கிழமை மத்தியானம் எங்கள் இருவரையும் சினிமாவுக்குக் கிளப்பினார். ஹிந்திப் படம். சுவரொட்டியில் பட்டுப் புடவை கட்டிய ஒரு பெண் ஜன்னல் வழியாக வெளியே பார்த்துக்கொண்டிருப்பாள், அவள் முதுகுக்குப் பின்னால் புருஷன் அவளையே முறைத்துக்கொண்டிருப்பான். பெண்டாட்டிமேல் சந்தேகப்படுகிற புருஷனின் கதை என்று பட்டறையில் யாரோ மாமாவிடம் சொல்லியிருக்கிறார்கள். டிக்கெட் வாங்கும்போது என் காதோரம் குனிந்து, “இது மொதல் பரீட்ச. வரிக்கு வரி சொல்லணும்” என்றார்.

பழங்களின் பெயர்களை மனதுக்குள் அவசரமாக ஒரு தடவை ஒப்பித்துப் பார்த்துக்கொண்டேன்.

நடுவில் நான், ஒரு பக்கம் மாமா, இன்னொரு பக்கம் அத்தை. படம் ஆரம்பித்த ஐந்தாவது நிமிடத்தில் என் சாயம் வெளுத்திருக்க வேண்டியது. திரையில் இருந்தவர்கள் பசுவைப் பற்றிப் பேசவில்லை. பழங்களின் பெயரும் சொல்லவில்லை. மழை கொட்டுகிற மாதிரி பேசிக்கொண்டே போனார்கள். வீடு, தண்ணீர் என்று இரண்டே இரண்டு சொல் பிடிபட்டது.

என்னைக் காப்பாற்றியது முன் வரிசை. வரிசை முழுக்க மொட்டைத் தலைகள். மலையில் முடி கொடுத்துவிட்டு, தலையில் சந்தனத்தை அப்பிக்கொண்டு, ரயிலுக்கு நேரம் இருந்ததால் படத்துக்கு வந்து உட்கார்ந்த வடநாட்டுக் குடும்பங்கள். அவர்கள் சிரித்தால் சந்தனத் தலைகள் குலுங்கின. ஏதாவது சோகம் என்றால் அசையாமல் நின்றன. போதாதா எனக்கு? தலைகள் குலுங்கினால் மாமாவுக்கு ஒரு ஜோக் சொன்னேன். அசையாவிட்டால் ஒரு சண்டையைச் சொன்னேன். வாய் கூசாமல் அள்ளிவிட்டேன். அரை மணி நேரத்தில் எனக்கே கதை பிடித்துப்போயிற்று.

ஒரு கட்டத்தில் புருஷன், மனைவி குளிக்கப் போன நேரம் பார்த்து அவள் கைப்பையைத் துழாவினான். மாமா நிமிர்ந்து உட்கார்ந்தார்.

“இன்னா தேடறான்?”

“பேனா, மாமா.”

அவள் வந்து பார்த்துவிட்டாள். கட்டிலில் உட்கார்ந்து அழுதாள். மொட்டைகள் ஒன்றும் அசையவில்லை.

“பேனா எடுத்ததுக்கா இந்த அழுவ அழுவுறா?”

“அது அவளோட ராசி பேனா. அத வெச்சுத்தான் பரீட்ச எழுதுவா.”

“சரே, சரே” என்று மாமா சமாதானமானார். எனக்கு இந்தப் பக்கத்தில் அத்தை துப்பட்டாவால் வாயைப் பொத்திக்கொண்டாள். அவளுக்கும் படம் உருக்கமாக இருக்கிறதாக்கும் என்று நினைத்துக்கொண்டேன். இடைவேளையில் தானாகவே எழுந்து போய் எனக்கு ஒரு கூல்டிரிங்க் வாங்கி வந்தாள். “தொண்ட காஞ்சிப் போயிருக்கும், குடி” என்றாள். மாமாவிடம் ஒரு வார்த்தையும் இல்லை.

கடைசிக் காட்சி ரயில்வே ஸ்டேஷன். அவள் பெரிய பெட்டியோடு நிற்கிறாள். ரயில் வந்துவிட்டது. புருஷன் மூச்சு வாங்க ஓடி வருகிறான். அவள் ஏதோ சொல்லிவிட்டு ஏறிக்கொள்கிறாள். மாமா என் கையை இறுக்கிப் பிடித்தார். விரலெல்லாம் வலித்தது.

“இன்னா சொல்லுச்சு? சொல்லு, சொல்லு.”

“அம்மா ஊட்டுக்குப் போறேன், செவ்வாக்கெழம வந்துர்றேன்னு சொல்லுச்சு. சாம்பார் ஃப்ரிட்ஜ்ல இருக்குதாம்.”

“ஹிந்திக்காரங்க ஊட்ல சாம்பாரா?”

“பருப்பு, மாமா. பருப்பத்தான் நான் சாம்பார்னு சொன்னேன்.”

“அப்ப அவன் எதுக்குத் தேம்பித் தேம்பி அழுவுறான்?”

“செவ்வாக்கெழமைக்கு இன்னும் மூணு நாள் இருக்குதே.”

மாமா பெருமூச்சு விட்டார். விளக்குப் போட்டார்கள். வெளியே வெயிலுக்கு வந்ததும் என் முதுகில் ஒரு தட்டு தட்டி, “பரீட்ச பாஸு” என்றார். அத்தை எங்களுக்கு முன்னால் போய்க்கொண்டிருந்தாள். அவள் தோள் குலுங்கிக்கொண்டிருந்தது.

மறுநாள் காலை அத்தையோடு நானும் கடைக்குப் போனேன். பொம்மைகளுக்கு நடுவில் ஒரு ஸ்டூல் போட்டுக் கொடுத்தாள். அங்கே அவளைப் பார்க்கவே வேறு ஆளாக இருந்தாள். வீட்டில் வாயைத் திறக்காதவள், ஒரே நேரத்தில் மூன்று பேருக்கு மூன்று பாஷையில் பதில் சொன்னாள். குழந்தைகளின் கையைப் பார்த்த மாத்திரத்தில் வளையல் அளவு சொன்னாள். முதலாளியே ஏதாவது சந்தேகம் என்றால் இவளைத்தான் கூப்பிட்டார்.

பதினோரு மணிக்கு அந்த ஆள் வந்தான். நான் ஒரு ஹீரோவை எதிர்பார்த்திருந்தேன். தொந்தியும் தோள் பையுமாக ஒரு நடுத்தர வயதுக்காரர் வேர்க்க விறுவிறுக்க வந்து பெட்டிகளை இறக்கினார். நான் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். அவர் போனை நீட்டி எதையோ காட்டினார். அத்தை சிரித்தாள். மறுபடி காட்டினார். கல்லாவைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் தண்ணீர் வருகிற அளவுக்குச் சிரித்தாள். முன் வரிசையில் மொட்டைத் தலைகள் இல்லாமல் எனக்கு ஒன்றும் ஓடவில்லை. பசு வரும், பள்ளிக்கூடம் வரும் என்று பார்த்தேன். எதுவும் வரவில்லை. அவர் கணக்கை முடித்துக்கொண்டு கும்பிடு போட்டுப் போய்விட்டார். என் லைட் செருப்பும் அவரோடு போய்விட்டது என்று எனக்கு அழுகை முட்டியது.

சாயங்காலம் வீட்டுக்கு நடந்து வரும்போது தாங்க முடியாமல் கேட்டே விட்டேன்.

“இன்னாத்துக்கு அத்த அப்படி சிரிச்ச?”

அத்தை நடுத்தெருவில் நின்றுவிட்டாள். ஆட்டோக்காரன் ஹாரன் அடித்துத் திட்டிவிட்டுப் போனான். அவள் என்னையே பார்த்தாள். பிறகு ஓரமாக இழுத்துக்கொண்டு போய்ச் சொன்னாள்.

“அவருக்கு நாலு வயசுல ஒரு பொண்ணு. ஊட்டுப் பூனைக்கு நாலு கால்லயும் வளையல் மாட்டி உட்ருச்சாம். அந்தப் பூன ஒரு கால எடுத்து வெக்கும், சத்தத்தக் கேட்டுப் பயந்து அப்படியே உக்காந்துக்கும். மறுபடி எழுந்திரிக்கும், உக்காந்துக்கும். அதத்தான் போன்ல காட்டினாரு.”

இருவரும் சிரித்தோம். சிரித்த வேகத்தில் எனக்கு அழுகையும் சேர்ந்து வந்துவிட்டது. “எனுக்கு ஹிந்தி தெரியாது அத்த” என்று ஒப்புக்கொண்டேன். மாமா சொன்னது, செருப்பு, எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். அவள் கோபித்துக்கொள்ளவில்லை.

“தியேட்டர்லயே தெரியும் கண்ணு. ராசி பேனாவாம். சிரிச்சுச் சிரிச்சு எனுக்கு வயிறே வலிச்சிப்போச்சு.”

“அப்ப அந்தம்மா கடைசியில இன்னாதான் சொல்லுச்சு?”

அத்தை என் கையைப் பிடித்துக்கொண்டாள். தெருமுனை வரைக்கும் நடந்தாள். மாமா வீட்டுச் சந்து தெரிந்தது. அங்கே நின்று, பள்ளிக்கூடத்தில் டிக்டேஷன் போடுகிற மாதிரி நிறுத்தி நிறுத்திச் சொன்னாள்.

“நான் சிரிச்சா, இன்னாத்துக்குச் சிரிச்சேன்னு கேளு. யாருகூட சிரிச்சேன்னு கேக்காத. ஒரு நாள் என்னக் கேட்டுப் பாரு, சொல்றேன். அப்படின்னு சொன்னா.”

“அவ்ளோதானா?”

“அவ்ளோதான். மறக்க மாட்டல்ல? மாமா கேட்டா, ஒனக்குத் தெரிஞ்சதச் சொல்லு.”

மாமா டீ டம்ளரும் கையுமாக வாசலிலேயே காத்துக்கொண்டிருந்தார். அத்தை உள்ளே போய் அடுப்பைப் பற்ற வைத்தாள். “சொல்லு கண்ணு” என்றார். அந்த மனிதர் அன்று முழுவதும் பட்டறையில் வேலையே பார்த்திருக்கமாட்டார் என்று இப்போது நினைக்கிறேன்.

பூனைக் கதையைத்தான் சொல்ல வாயெடுத்தேன். ஆனால் யோசித்துப் பார்த்தால், ஒரு பூனைக்கு யார் லைட் எரியும் செருப்பு வாங்கித் தருவார்கள்? பெரிய வேலைக்குப் பெரிய சேதி வேண்டாமா? நேற்று தியேட்டரில் வந்த அதே உற்சாகம் என்னைப் பிடித்துக்கொண்டது.

“உன்னப் பத்திதான் மாமா பேச்சு. உன் ஊட்டுக்காரரு இன்னா பண்றாருன்னு அவரு கேட்டாரு. அத்த சொல்லுச்சு, திருப்பதியிலயே எங்க ஊட்டுக்காரரு மாதிரி கிரில் கேட்டு போட ஆளில்லன்னு. மயில் வெச்ச கேட்டு, தாமர வெச்ச கேட்டு, எல்லாம் சொல்லுச்சு. அவரு ஆச்சரியப்பட்டுக்கினே போனாரு.”

மாமாவின் முகம் மலர்ந்ததைப் பார்க்க வேண்டுமே. “மயிலு கேட்டு சொல்லுச்சா? அது எப்படி இதுக்குத் தெரியும்?” என்று இரண்டு தடவை கேட்டார். உள்ளே பாத்திரச் சத்தம் நின்றது. கொஞ்ச நேரம் கழித்து மறுபடி கேட்டது. அன்று ராச்சாப்பாட்டுக்கு மாமா தானே போய்ப் பரோட்டா வாங்கி வந்தார். “துன்னுமே, கடையில நின்னு நின்னு காலு வலிச்சிருக்கும்” என்று அத்தைக்கு முதலில் வைத்தார். கடையை விடும் பேச்சு அதோடு போயே போயிற்று. மறுநாள் நான் திருப்பதித் தெருவில் ஒவ்வோர் அடிக்கும் சிவப்பு லைட் எரிய நடந்தேன். ஒரு குடும்பத்தையே காப்பாற்றிவிட்ட பெருமை எனக்கு. அத்தை மட்டும் என் தலையை வாரிவிடும்போது, “நல்லா சொன்ன போ” என்றாள். பாராட்டுகிறாள் என்றே எடுத்துக்கொண்டேன்.

அத்தை இன்றும் அதே கடையில்தான் இருக்கிறாள். மாமா சொந்தமாகப் பட்டறை வைத்துவிட்டார். இருவரும் சண்டை சச்சரவில்லாமல்தான் இருக்கிறார்கள். ஆனால் போனில் பேசிக்கொண்டே அத்தை சிரித்தால், மாமா இன்னமும் டிவி சத்தத்தைக் குறைத்துவிட்டு அவள் முகத்தையே பார்ப்பார். எதுவும் கேட்கமாட்டார். அவளும் சொல்லமாட்டாள்.

போன வருடம் பெங்களூரில் என் அறைத்தோழி லேப்டாப்பில் ஏதோ பழைய படம் பார்த்துக்கொண்டிருந்தாள். பட்டுப் புடவை, ஜன்னல், முறைக்கிற புருஷன். துள்ளிக்குதித்து அவள் கட்டிலில் போய் உட்கார்ந்தேன். வேலைக்கு வந்த இடத்தில் ஹிந்தி இப்போது எனக்கு நன்றாகவே வரும். கைப்பையில் அவன் தேடியது ஒரு கடிதம். அதற்குச் சிரித்து முடித்து, கடைசிக் காட்சிக்காகக் காத்திருந்தேன். ஸ்டேஷன் வந்தது. ரயில் வந்தது. அவன் ஓடி வந்தான். அவள் சொன்னாள்: “சாவி பூந்தொட்டிக்கு அடியில் இருக்கிறது. மாத்திரையை மறக்காமல் போட்டுக்கொள்.” ஏறிக்கொண்டாள். படம் முடிந்துவிட்டது.

பின்னுக்குத் தள்ளி மறுபடியும் போட்டுப் பார்த்தேன். மூன்றாவது தடவை தோழி திட்டினாள். சிரிப்பைப் பற்றி அந்தப் பெண் எங்குமே பேசவில்லை. சந்து முனையில் நின்று, நிறுத்தி நிறுத்தி, மறக்க மாட்டல்ல என்று கேட்டு அத்தை என்னிடம் கொடுத்தனுப்பியது அவளுடைய சொந்த வார்த்தை. அது மாமாவுக்குப் போய்ச் சேர வேண்டியது. நான் அவரிடம் மயில் வைத்த கேட்டைப் பற்றிச் சொன்னேன்.