விகுதியில் பிறந்த ராணி

பழைய தலைநகரத்துக் கோட்டையில் கொஞ்ச நாளாக ஒரு பேச்சு. "ஆமாக்கா சொந்தமா ஒரு ராணியைத் தயார் பண்ணிட்டாங்களாம்!"

சொன்னவர் வேன் கழுவுகிறவர். அவருக்குத் தேநீர்க் கடைக்காரர் சொன்னாராம். தேநீர்க் கடைக்காரருக்கு டிக்கெட் கிழிப்பவர் சொன்னாராம். டிக்கெட் கிழிப்பவரைக் கேட்டால், "ஊரே பேசுது, நான் மட்டும் வாய்க்குப் பூட்டு போடணுமா?" என்கிறார். நெருப்பில்லாமல் புகையாது என்பது பழமொழி. புகையை மட்டும் தனியாக விற்றுப் பிழைக்கிறவர்களும் உண்டு என்பது அனுபவம். ஆகவே புகையைப் பிடித்துக்கொண்டே அடுப்பு வரைக்கும் போய்ப் பார்த்துவிடுவது நல்லது.

அடுப்பின் பெயர் ஆமாக்கா. வயது நாற்பத்தேழு. தொழில், கோட்டையைச் சுற்றிக் காட்டும் வழிகாட்டி. காலை ஒன்பதரைக்குத் தொடங்கி மாலை நாலரைக்கு முடியும் ஒருநாள் சுற்றுலா. பெற்றோர் வைத்த பெயர் அவர் மார்பில் குத்தியிருக்கும் வில்லையில் இருக்கிறது. அதைப் படிக்கிற தூரத்துக்கு யாராலும் நெருங்க முடியாது, அவ்வளவு வேக நடை. புதிதாக வருகிறவர்கள், ஆமையை வைத்து வந்த பட்டப்பெயர் போல என்று நம்பி நிதானமாகக் கிளம்புவார்கள். தர்பார் மண்டபம் போவதற்குள் நாக்குத் தள்ளிவிடும்.

பெயர் வந்தது அவர் பேச்சால். "ராஜா இங்கேதான் உட்காருவாராம். இந்த ஜன்னல் வழியாத்தான் படையைப் பார்ப்பாராம். கோபம் வந்தா மூணு நாள் சாப்பிட மாட்டாராம். நாலாம் நாள், மூணு நாளுக்கும் சேர்த்துச் சாப்பிடுவாராம்." எதைச் சொன்னாலும் கடைசியில் ஓர் 'ஆம்' ஒட்டிக்கொண்டு வரும்.

அதற்குக் காரணம் உண்டு. வழிகாட்டி ஆவதற்கு முன் ஆறு வருடம் அவர் கோட்டை வாசலில் பார்வையாளர்களின் பைகளை வாங்கி வைக்கும் அறையில் இருந்தார். ஒரு தலை நுழைகிற அளவு ஜன்னல். அதற்கு வெளியே நின்றுதான் ஒவ்வொரு வழிகாட்டியும் முதல் பாட்டைப் பாடுவார்கள். அடுத்தவர் மூட்டை முடிச்சுகளுக்கு நடுவே உட்கார்ந்து, காது வழியாகவே ஒரு ராஜ வம்சத்தைக் கற்றுக்கொண்டவர் ஆமாக்கா. தேர்வு எழுதி வழிகாட்டி உரிம வில்லை வாங்கிய பிறகும், காதால் கேட்டதைக் கண்ணால் கண்டதுபோலச் சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. மற்ற வழிகாட்டிகள் "வென்றார்", "கொன்றார்" என்று, ஏதோ பக்கத்தில் நின்று வாளைத் துடைத்துக் கொடுத்தவர்கள் மாதிரி பேசுவார்கள். ஆமாக்கா மட்டும் "வென்றாராம்".

இப்படிப்பட்டவரா ராணியைத் தயாரித்தார்? தயாரித்தார்.

அந்தப்புரத்தின் பெயர்ப்பலகையில் ராணிகள் மூன்று பேர். உள்ளே வரிசையாக அறைகள் நான்கு. மூன்றில் சுவரெல்லாம் சித்திரம். நான்காவது மொட்டைச் சுவர். நான்கு வருடத்துக்கு முன் ஒரு பயணி, "ராணி மூணு, ரூம் நாலு. கணக்கு இடிக்குதே?" என்று கேட்டார். ஆமாக்காவுக்குக் கால் கடுக்கிறது, பசி. "நாலாவதா ஒரு ராணி இருந்திருக்கலாம்" என்றார். ஒரு தப்பும் இல்லை, இருந்திருக்கலாம்தான். மறுநாளும் இன்னொருவர் அதையே கேட்டார். "நாலாவதா ஒரு ராணி இருந்தாங்களாம்." யார் சொன்னது? முதல் நாள் அவரே சொன்னதுதான். தன் வாயிலிருந்து தானே கேட்டதும் கேள்விஞானம்தானே! பத்து நாள் கழித்து, கூட்டம் அதிகமான ஒரு ஞாயிற்றுக்கிழமை, அந்த 'ஆம்' எங்கோ வழியில் விழுந்துவிட்டது. "நாலாவது ராணி இங்கேதான் இருந்தாங்க."

மூன்று விகுதி மாறுவதற்குள் ராணி பிறந்து, வளர்ந்து, குடியும் வந்துவிட்டார்.

அப்புறம் சும்மா இருப்பார்களா? ஒரு வழிகாட்டி அவருக்குப் பச்சைக் கண் கொடுத்தார். இன்னொருவர் பாடத் தெரியும் என்றார். மூன்றாமவர் காலைக் கூட்டத்தில் விஷம் வைத்துக் கொன்று, மதியக் கூட்டத்தில் பிழைக்க வைத்தார். வாசலில் படம் விற்கிற கடைக்காரி ஆமாக்காவுக்கு நாத்தனார். அவர் மூன்றாவது ராணியின் படத்தை இடம் வலமாகத் திருப்பி அச்சடித்து, 'நான்காவது ராணி' என்று மாட்டிவிட்டார். மற்ற மூவரையும் விட அதுதான் விற்பனையில் முந்தியது.

இதற்கிடையில் ஓய்வு பெற்ற சரித்திர வாத்தியார் ஒருவர், 'நான்காவது ராணிக்கு ஆதாரம் என்ன?' என்று சுற்றுலா அலுவலகத்துக்கு எழுதிப் போட்டார். ஆமாக்காவின் வில்லை மாதக் கடைசியோடு முடிகிறது. ரகசியமாக ஓர் அலுவலர் வந்து சுற்றுலாவில் கலந்துகொள்வார், அவர் அறிக்கையைப் பொறுத்தே புதுப்பிப்பு என்று கடிதம் வந்தது. புதுப்பிக்காவிட்டால் மறுபடி பை அறைதான். அந்த ஒற்றைத் தலை ஜன்னல்தான்.

கடிதம் வந்த மறுநாள் காலை, வீட்டின் முன்னறையில் தையல் மெஷினில் குனிந்திருந்த கணவரிடம் காட்டினார்.

"என்ன பண்ணப் போறே?" என்றார் அவர், வாயிலிருந்த ஊசியை எடுக்காமலே.

"இல்லாத ராணியை இல்லைன்னு சொல்லிடலாம்னு இருக்கேன்."

"சொல்லேன். அந்த ராஜாவுக்கு மூணு போதாதாமா? எனக்கு ஒண்ணையே சமாளிக்க முடியலை."

அதற்குள் நாத்தனார் காற்றில் செய்தி கேட்டு வந்துவிட்டார். "அண்ணி, நல்லா யோசிச்சுக்குங்க. ஐந்நூறு படம் அச்சடிச்சு வச்சிருக்கேன். அவங்களை நீங்க பெத்தீங்க. வளர்த்தது யாரு? நானு!"

"பெத்தவளுக்குத் தெரியும்டி வலி."

"அந்த ஆபீசர் கேட்டா, புஸ்தகத்துல படிச்சேன், புஸ்தகம் தொலைஞ்சுபோச்சுன்னு சொல்லிடுங்க. அவ்வளவுதானே? ஆதாரம் தொலையாத ஆபீஸ் எந்த ஊர்ல இருக்கு?"

யோசனை மோசமில்லை. ஆமாக்கா கோட்டை போய்ச் சேரும்வரை அதை மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனார். புஸ்தகம் தொலைந்துபோச்சு. தொலைந்துபோச்சாம். இரண்டுமே வாயில் ஒட்டவில்லை.

ரகசிய அலுவலர் வந்த விதம் தனிக் கதை. கையில் ஃபைல், காலில் புது ஷூ. டிக்கெட் ஜன்னலில் குனிந்து, "சத்தம் போடாதீங்க. நான் ரகசிய ஆய்வுக்கு வந்திருக்கேன். எனக்கு டிக்கெட் கிடையாது" என்றார். டிக்கெட் கிழிப்பவர் எழுந்து நின்று, கோட்டைச் சுவர் எதிரொலிக்க, "அக்கா! ரகசிய ஆய்வு ஒருத்தர் வந்திருக்காரு! ஓசியில விடலாமா?" என்று கூவினார். கூட்டத்தில் இருந்த இருபத்திரண்டு பேரும் திரும்பிப் பார்த்தார்கள். அலுவலர் ஃபைலைத் திறந்து அதற்குள் முகத்தை வைத்துக்கொண்டார்.

அன்றைய கூட்டத்தில் ஒரு சலவைக் கடைக்காரரும் அவர் மனைவியும் இருந்தார்கள். கல்யாணமாகி இருபது வருடத்தில் முதல் வெளியூர்ப் பயணம் என்று மனைவி எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தார். "எங்க பக்கத்து வீட்டுக்காரங்க போன வருஷம் வந்தாங்க. நாலாவது ராணி கதையைக் கேட்டு அழுதே போயிட்டாங்களாம். அதைக் கேக்கத்தான் வந்திருக்கோம்" என்று ஆமாக்காவின் கையைப் பிடித்துக்கொண்டார். பிடித்த கை விடுகிற கையாகத் தெரியவில்லை.

தர்பார், குதிரை லாயம், சமையற்கட்டு எல்லாம் முடிந்தது. அலுவலரின் படிவத்தில் இரண்டே கட்டம்: 'கூறியது', 'ஆதாரம்'. ஒவ்வொரு இடத்திலும் அவர் பேனா ஓடிக்கொண்டே இருந்தது. கடைசியாக அந்தப்புரம். முதல் அறை, இரண்டாம் அறை, மூன்றாம் அறை. நான்காவது வாசலில் ஆமாக்கா நின்றார். அவர் நின்று யாரும் பார்த்ததில்லை. வேகத்தில் வந்தவர்கள் ஒருவர் முதுகில் ஒருவர் முட்டிக்கொண்டார்கள்.

"இந்த ரூம்ல..." என்றார். சலவைக் கடைக்காரரின் மனைவி கைக்குட்டையைத் தயாராக எடுத்துவிட்டார். அலுவலர் பேனா மூடியைக் கழற்றினார்.

"இந்த ரூம்ல ராணி யாரும் இல்லைங்க. நாலாவது ராணி நான் கட்டிவிட்டது. ஒருநாள் 'இருந்திருக்கலாம்'னு சொன்னேன். அப்புறம் 'இருந்தாங்களாம்'னேன். அப்புறம் வாய் பழகிப்போய் 'இருந்தாங்க'ன்னுட்டேன். ஆதாரம் எதுவும் கிடையாது. அழுதவங்ககிட்ட மன்னிப்புக் கேட்டேன்னு சொல்லிடுங்க."

கூட்டத்தில் ஒருவர், "அப்போ டிக்கெட்ல நாலுல ஒரு பங்கு திருப்பித் தருவீங்களா?" என்றார். சிரிப்பு கிளம்பியது. சலவைக் கடைக்காரரின் மனைவிக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. "சரி, ராணி இல்லைன்னா இந்த ரூம் எதுக்கு?" என்றார், கைக்குட்டையை மடித்தபடி.

நான்கு வருடமாக யாரும் அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. ராணிதான் குடியிருந்தாரே, எப்படிக் கேட்பார்கள்! "தெரியாதுங்க" என்றார் ஆமாக்கா. பதினோரு வருடத் தொழிலில் அந்தச் சொல்லை அவர் அங்கே வைத்துச் சொன்னது முதல் தடவை.

அதுவரை வாயே திறக்காத சலவைக் கடைக்காரர் ஜன்னலோரம் போய்க் குனிந்தார். ஜன்னலின் மரப் பலகையில் கருகிய முக்கோணத் தழும்புகள், ஒன்றின் மேல் ஒன்றாக ஐந்தாறு. தினமும் ஆமாக்கா தண்ணீர் பாட்டிலை வைக்கிற இடம் அது.

"இங்க பாருங்க. இது இஸ்திரிப் பெட்டி வச்ச சூடு. என் கடை மேசையில இதே மாதிரி பதினாலு இருக்கு. ஒவ்வொண்ணும் ஒவ்வொரு திட்டு வாங்கினது." அண்ணாந்து பார்த்தார். எதிரெதிர்ச் சுவரில் கல்லில் செதுக்கிய முளைகள். ஒவ்வொன்றின் கழுத்திலும் விரல் பருமன் பள்ளம். "கொடிக்கயிறு அறுத்த தடம். ஈரத் துணியோட பாரம் இருந்தாத்தான் கல்லு இப்படித் தேயும். தரை அந்த மூலைக்குச் சாயுது பாருங்க, தண்ணி போக. ராணியம்மாங்க துணியெல்லாம் இங்கதான் காஞ்சிருக்கு."

"ஊர் சுத்திப் பார்க்க வந்தாலும் அழுக்கு மூட்டையைத்தான் கண்டுபிடிப்பாரு" என்றார் மனைவி. ஆனால் குரலில் பெருமை வழிந்தது.

இருபத்திரண்டு பேரும் சுவரைத் தடவ ஆரம்பித்தார்கள். கொத்தனார் வேலை செய்கிற ஒருவர், இந்த அறைத் தரைக்கு மட்டும் தண்ணீர் இறங்காத வேறு பூச்சு என்றார். ஆமாக்கா சுவர் முளைப் பள்ளத்தில் விரலை வைத்துப் பார்த்தார். விரல் கச்சிதமாகப் பொருந்தியது. யாரும் அவருக்குச் சொல்லிக் கொடுக்காத ஒரு விஷயம், முதல் முதலாகக் கைக்குள் வந்திருந்தது.

அலுவலர்தான் பாவம். 'கூறியது' கட்டத்தில் 'ராணி இல்லை' என்று எழுதினார். 'ஆதாரம்' கட்டத்தில் பேனா நின்றது. "புகார் உண்மை. ஆனா நீங்களே ஒத்துக்கிட்டீங்க. ஒத்துக்கிட்டவங்களுக்கு இந்தப் படிவத்துல கட்டமே இல்லைம்மா" என்று தலையைச் சொறிந்தார். கடைசியில், 'ஆதாரம்: சலவைக் கடைக்காரர், கொத்தனார்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

ஃபைல் மேலே போனது. மேலேயிருந்து கீழே வந்தது. மூன்று வருடத்துக்குப் பதில் ஒரு வருடத்துக்கு வில்லை புதுப்பிக்கப்பட்டது. நான்காவது அறையில் ஒரு பலகையும் முளைத்தது: 'அறை எண் 4. பயன்பாடு: ஆய்வில் உள்ளது.' நாத்தனார் இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் ஐந்நூறு படத்திலும் தலைப்பை மாற்றி ஒட்டினார்: 'மூன்றாவது ராணி, கண்ணாடியில்.' வியாபாரம் பழுதில்லை.

இப்போது ஆமாக்காவின் கூட்டம் நான்காவது அறையில்தான் அதிக நேரம் நிற்கிறது. "உங்க தொழில் என்ன? உங்க கண்ணுக்கு என்ன தெரியுது?" என்று கேட்கிறார். அவர் நடையும் கொஞ்சம் நிதானப்பட்டிருக்கிறது. வில்லையில் உள்ள பெயரை இப்போது இரண்டு பேர் படித்துவிட்டார்கள்.

ஒரு பாக்கி மட்டும் நிற்கிறது. அன்று கிளம்பும்போது சலவைக் கடைக்காரர் கேட்டார்: "மூணு ராணி பேரும் போர்டுல இருக்கு. இங்க நின்னு தேய்ச்ச ஆளோட பேரு என்னங்க?"

ஆமாக்காவின் நாக்கு நுனியில் அழகான ஒரு பெயர் அப்போதே தயாராக வந்து நின்றது. அதை விழுங்கினார். "தேடிச் சொல்றேன்."

"நிஜமாவா, பேச்சுக்கா?"

"நிஜமாத்தான்."

அவர் தன் கடை முகவரிச் சீட்டைக் கொடுத்துவிட்டுப் போனார். அன்றிலிருந்து புதன்கிழமை விடுமுறை தோறும் ஆமாக்கா ஆவணக் காப்பகத்தில் உட்கார்ந்திருக்கிறார். அரண்மனையில் எத்தனை விரிப்பு, எத்தனை திரை, எந்த மாதம் எத்தனை கூடை கரி என்று எல்லாவற்றுக்கும் பட்டியல் இருக்கிறது. தேய்த்த கைக்குப் பெயர் இல்லை. மொத்தம் இருபத்தாறு காகிதக் கட்டு, அதில் ஒன்பது பார்த்தாகிவிட்டது. "கெடச்சுதா?" என்று இரண்டு மாதத்துக்கு ஒரு முறை சலவைக் கடையிலிருந்து கார்டு வருகிறது. 'இன்னும் இல்லை, பதினேழு கட்டு பாக்கி' என்று போன வாரம்தான் எழுதிப் போட்டார்.