அலறல் அக்காவின் தங்கை

சினிமாவில் யாரையாவது குத்தினாலும், மாடியிலிருந்து தள்ளினாலும், பேய் வந்து கழுத்தைப் பிடித்தாலும் பாதி நேரம் கத்துவது எங்கள் அலறல் அக்காதான். நடிகைக்குத் தொண்டை கட்டிவிடக் கூடாதே! டப்பிங் ஸ்டுடியோவில் கூட்டத்தோடு கூட்டமாய்க் குரல் கொடுக்கும் எங்களுக்கெல்லாம் அவள்தான் ராணி. கத்தி முடித்து வெளியே வந்ததும் வெந்நீரை ஊதி ஊதிக் குடித்துக்கொண்டு, "இன்னைக்கு நாலு தடவை செத்துட்டேன், பசி உயிர் போகுது" என்பாள்.

அவள் தங்கை தையல் கம்பெனித் தீயில் போனவள். வெளிக்கதவைப் பூட்டி வைத்திருந்தார்கள், பாவிகள். மேல்மாடி ஜன்னல் வழியாகக் குதித்துவிட்டாள். மூடிக் கட்டிக் கொடுத்த உடம்பை வீட்டில் யாரும் திறந்து பார்க்கவில்லை. "புகையில மயங்கி, தூக்கத்திலேயே போயிட்டாம்மா" என்று அக்கா அம்மாவிடம் சொல்லி வைத்தாள். அந்தப் பொய்யைப் பிடித்துக்கொண்டுதான் அம்மா மறுபடி சாப்பிட ஆரம்பித்தாள்.

போன வருஷம் ஒரு டைரக்டர் வந்தார். நிஜச் சாவுகளை எடுத்த வீடியோக்களை எங்கெங்கோ வாங்கி, நடுநடுவே கதை என்று எதையோ ஒட்டிய படம். "எல்லாம் ஒரிஜினல்மா. ஆனா ஒரிஜினல்ல சத்தமே இல்லை, சப்புனு இருக்கு. நல்லதா ஒரு கத்தல் போடுங்க" என்றார்.

திரையில் புகை, ஜன்னல், மஞ்சள் சட்டை போட்ட ஒரு பெண். அக்கா கத்தவில்லை. ஹெட்ஃபோனைக் கழற்றி வைத்தாள்.

"இது என் தங்கச்சி சார். இதை எடுத்துடுங்க."

"அடடா" என்றார் அவர். அடுத்த மூச்சிலேயே, "முகம் தெரியலையேம்மா. ஜனங்களுக்கு விழிப்புணர்வு வரணும்னுதானே எடுக்கிறோம்?"

விழிப்புணர்வாம்! போஸ்டரில் அரைகுறை ஆடையில் ஒருத்தி, பக்கத்தில் மண்டையோடு. எனக்கு வாயில் நல்லா வந்தது.

"எங்கம்மாவுக்குத் தெரியாது சார். தெரிஞ்சா தாங்க மாட்டாங்க." காலில் விழாத குறைதான். பார்க்கலாம் என்று தலையாட்டினார்.

படம் வந்தது. அந்தக் காட்சியும் இருந்தது. வேறு ஏதோ பேய்ப் படத்துக்கு அக்கா கத்தியிருந்ததை ஸ்டுடியோவில் தேடி எடுத்து ஒட்டியிருந்தார்கள். சத்தமே இல்லாமல் விழுந்தவள், இப்போது அக்காவின் தொண்டையில் அலறிக்கொண்டே விழுந்தாள். கேட்கப் போனோம். பதிவான குரல் ஸ்டுடியோவுக்குத்தான் சொந்தம் என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள்.

பக்கத்து வீட்டுக்காரி அந்தக் காட்சியை அம்மாவின் போனுக்கு அனுப்பியிருக்கிறாள். விஷயம் தெரிந்து அக்காவும் நானும் ஓடினோம். அம்மா போனை மடியில் வைத்தபடி உட்கார்ந்திருந்தாள்.

"அப்படியே நம்ம சின்னவ மாதிரி ஒருத்தியைக் காட்டுறாங்க. சட்டைகூட அதே மஞ்சள். எனக்கு நெஞ்சே நின்னுபோச்சு. அப்புறம்தான் கத்துறது நீன்னு தெரிஞ்சுது. நடிப்புதானே இது?"

அக்கா ஒரு கணம் என்னைப் பார்த்தாள்.

"நடிப்புதாம்மா."

அம்மாவுக்கு மூச்சு வந்தது. முகத்தைத் துடைத்துக்கொண்டாள். பிறகு அக்காவை ஏற இறங்கப் பார்த்தாள்.

"கூடப் பொறந்தவ சாவை வச்சு எவனோ வேஷம் கட்டுறான். நீ அதுக்குப் போய்க் கத்திக் கொடுத்துட்டு வந்திருக்கே. எப்படிடி உனக்கு மனசு வந்துச்சு?"

நான் வாயைத் திறந்தேன். அக்கா என் கையை அழுத்திப் பிடித்தாள்.

"வேலைதானேம்மா" என்றாள்.