யூடித்துக்கு ஒரு நற்சான்று

போன வாரம் லண்டன் பிளேஸ்டோவில் என் சிநேகிதி யூடித்தின் வீட்டுக்கு ஒரு துப்பாக்கி வந்து சேர்ந்தது. பதறாதீர்கள்... எல்லாம் சட்டப்படிதான். சுவரோடு பூட்டிய இரும்புப் பெட்டியைப் பொலிஸ் அதிகாரி நேரில் வந்து ஆட்டிப் பார்த்துவிட்டுத்தான் போனார்.

வந்தது சந்தோஷம். வந்த வழியை நினைத்தால்தான் எனக்கு இன்னும் பற்றிக்கொண்டு வருகிறது.

யூடித்துக்கு நாற்பத்திரண்டு வயது. பெற்றோர் மன்னார், அவள் வளர்ந்தது ஜெர்மனியில். அங்கே அவள் ஊரில் துப்பாக்கி கிளப் என்பது நமக்கு வொலிபோல் கிளப் மாதிரியாம். லண்டனுக்கு வந்து, வீடுகளுக்குக் கிச்சன் பொருத்தும் தொழில் செய்கிறாள். மூன்று வருடமாக நகரத்துக்கு வெளியே ஒரு கிளப்பில் உறுப்பினர். இரவல் துப்பாக்கியில் சுட்டுச் சுட்டு, சொந்தமாக ஒன்று வேண்டும் என்று ஆசை. அதற்குப் பொலிஸ் லைசென்ஸ் வேண்டும். லைசென்ஸுக்கு "இவரை எனக்குத் தெரியும், நல்லவர்" என்று எழுதித்தர, குடும்பத்துக்கு வெளியே இரண்டு பேர் வேண்டும்.

ஒருவர் அவள் கிச்சன் பொருத்திக் கொடுத்த ஒரு டீச்சர். மற்றவர்?

என்னைத்தான் முதலில் கேட்டாள். நான் என்ன சொன்னேன் தெரியுமா?

"பிலிப் அண்ணையைக் கேளும். அவருக்கெண்டா ஒரு மதிப்பு இருக்கு."

எவ்வளவு அழகாகக் கழன்றுகொண்டேன்! பிலிப் அண்ணை எங்கள் கத்தோலிக்கக் கோயில் கமிட்டியின் தலைவர். பாஸ்போர்ட் படமா, வேலைக்குச் சான்றா... எங்கள் பகுதித் தமிழருக்கு அவர் கையெழுத்துத்தான். அவரும் உடனே "ஓம்" என்றார்.

அந்தத் தெம்பில், வெளியாட்களும் வந்து சுட்டுப் பார்க்கும் கிளப்பின் கெஸ்ட் டேக்கு என்னையும் இழுத்துக்கொண்டு போனாள். எதை வாங்குவது என்று இரண்டை ஒப்பிட்டுப் பார்க்க வேண்டுமாம்.

இந்த நாட்டில் நீங்களும் நானும் பிஸ்டல் வைத்திருக்க முடியாது. ஆனால் பிஸ்டல் குண்டைச் சுடும் நீளத் துப்பாக்கி ஒன்று இருக்கிறது — கார்பைன். தோளில் வைத்துச் சுடலாம், உதையும் குறைவு. ஒரே நிபந்தனை, அடுத்த குண்டு தானாக ஏறக்கூடாது. ஒவ்வொரு தடவையும் கையால்தான் ஏற்ற வேண்டும்.

மேசையில் இரண்டு கிடந்தன. ஒன்று மரப்பிடி போட்டது. விசைக்குக் கீழே ஒரு வளையம். அதை இறக்கி ஏற்றினால் அடுத்த குண்டு தயார். மற்றது முழுக் கறுப்பு, ஒன்பது மில்லிமீட்டர். வலப்பக்கத்தில் ஒரு பிடி. அதைப் பின்னால் இழுத்து விட வேண்டும்.

இருபத்தைந்து மீட்டரில் இலக்கு. கறுப்புத் துப்பாக்கியில் யூடித் பத்து வெடி வைத்தாள். பத்து ஓட்டையையும் ஒரு தேத்தண்ணிக் கோப்பையால் மூடலாம். மரப்பிடியில் பத்து. அதை மூடச் சோற்றுக் கோப்பை வேண்டும்!

"கறுப்புத்தான் திறம்," என்றேன், முப்பது வருடம் சுட்டவள் மாதிரி.

"அக்கா, நான் இடக்கைக்காரி. கறுப்பில ஒவ்வொரு வெடிக்கும் கையை அங்கால கொண்டுபோய் இழுக்கவேணும், துவக்கு தோளால சரியுது. இந்த வளையத்துக்கு இடமும் இல்லை, வலமும் இல்லை. பழகினா இதிலயும் ஓட்டை கிட்டக்கிட்ட வரும்."

எனக்கும் தந்தாள். அதற்கு முன் துப்பாக்கியை அவ்வளவு கிட்டத்தில் நான் பார்த்தது ஒரு சோதனைச் சாவடியில் — குழாய்க்கு முன்பக்கத்தில் நின்று. தோளில் வைத்தேன், இறக்கினேன், மறுபடி வைத்தேன். பக்கத்தில் நின்ற பயிற்சியாளர் பொறுமையாகக் காத்திருந்தார். யூடித்தும் அவசரப்படுத்தவில்லை. "மூச்சை விடுங்கோ அக்கா. விரல் விசைக்கு வெளியில இருக்கட்டும். ஏலாட்டி வைச்சிடுங்கோ, ஒருத்தரும் ஒண்டும் சொல்லமாட்டினம்."

சுட்டேன். இலக்கின் ஓரத்தில் பட்டது. அப்படியொரு சிரிப்பு வந்தது எனக்கு.

இடைவேளையில் கார்கள் நிற்கும் இடத்தில் அவளுடைய போன் அடித்தது. பிலிப் அண்ணை. ஸ்பீக்கரில் போட்டாள்.

"தங்கச்சி, குறை நினையாதேங்கோ. அந்தப் போர்ம் நான் நிரப்பேல்லை. துவக்கு விஷயம்... நாளைக்கு ஏதும் நடந்தா என்ர பேரெல்லோ நாறும்?"

"அண்ணை, ஒன்பது வருஷமா என்னைத் தெரியும்தானே?"

"தெரியும், தெரியும். நல்ல பிள்ளை. ஆனா பொம்பிளைப் பிள்ளைக்கு இதென்ன தேவையில்லாத வேலை?"

யூடித் போனை வைத்தாள். கழுத்தெல்லாம் சிவந்துவிட்டது. உள்ளே போய், இரண்டு துப்பாக்கியையும் திருப்பிக் கொடுத்தாள். "இண்டைக்கு இனிச் சுடேல்லை அக்கா. கோபத்தோட இதைத் தொடக்கூடாது."

இந்தப் பெண்ணுக்கா நற்சான்று இல்லை?

போன வருடம் கோயில் கமிட்டியில் இருக்கும் ஒருவர் குடித்துவிட்டுக் கார் ஓட்டி, பஸ் ஸ்டொப்பில் நின்ற ஒரு மனுஷியின் காலை உடைத்தார். வழக்கு வந்தது. "பொறுப்பானவர், அமைதியானவர்" என்று நீதிமன்றத்துக்கு ஒரு கடிதம் போனது. எழுதியவர் பிலிப் அண்ணை. அப்போது அவருடைய பேர் நாறவில்லையா? காலை உடைத்தவனுக்குக் கொடுக்கலாம். கோபம் வந்தால் துப்பாக்கியைக் கீழே வைப்பவளுக்குக் கொடுக்கக்கூடாது... என்ன நியாயம் இது!

சொல்ல வெட்கமாக இருக்கிறது. அந்தக் கடிதத்தின் கீழே பதினொரு பேர் கையெழுத்து வைத்தோம். என்னுடையதும் ஒன்று. வாசித்துக்கூடப் பார்க்கவில்லை. எல்லாரும் வைத்தார்கள், நானும் வைத்தேன்.

திரும்பி வரும் வழியில் காரிலேயே சொன்னேன்: "யூடித், போர்மைத் தாரும்."

"வேண்டாம் அக்கா. உங்களுக்கும் பயம் எண்டு எனக்குத் தெரியும்."

"பயம்தான். தாரும்."

அந்தப் போர்மை மட்டும் வரி வரியாக வாசித்தேன். பிறகு பொலிஸிலிருந்து ஒரு பெண் அதிகாரி எனக்குப் போன் எடுத்தார். குடிப்பாரா? மனச்சோர்வு உண்டா? கோபம் வந்தால் என்ன செய்வார்? கடைசிக் கேள்விக்கு நான் கண்ணால் கண்ட பதில் இருந்தது. நாலு மாதத்தில் லைசென்ஸ் வந்தது. மரப்பிடிக்காரன் வீட்டுக்கு வந்தான்.

இந்த ஞாயிறு கோயில் வாசலில் பிலிப் அண்ணை வாயெல்லாம் பல்லாக வந்தார்.

"தங்கச்சி, கேள்விப்பட்டன். நல்ல விஷயம்! கெஸ்ட் டே எண்டு ஒண்டு இருக்காமே... நானும் ஒருக்கா வந்து சுட்டுப் பாக்கலாமே?"

"தாராளமா வாங்கோ அண்ணை," என்றாள் யூடித். "வாற ஆக்கள், 'நான் துவக்குத் தொடத் தகுந்த ஆள்' எண்டு தங்களைப் பற்றித் தாங்களே ஒரு போர்மில எழுதிக் கையெழுத்து வைக்கவேணும். அவ்வளவுதான்."

"பாப்பம், பாப்பம்... பூசைக்கு நேரமாகுது," என்று சொல்லிக்கொண்டே அவர் உள்ளே போனார்.

பூசை முடிந்து அரை மணி நேரம் ஆகியிருந்தது.