ஐஸுக்குத் துடக்கில்லை

ஐஸ் ஹாக்கி விளையாடுகிறவன் என்று சொன்னால் எங்கள் ஆட்கள் முதலில் சிரிப்பார்கள். பிறகு, "வழுக்காதோ?" என்று கேட்பார்கள். வழுக்கும். நான் லண்டனில் பல்கலைக்கழக அணிக்கு விளையாடியவன், அதுவும் டிபென்ஸ். பக் என்கிற கறுப்பு ரப்பர் வில்லையை எதிராளி அடிக்கும்போது, அது எங்கள் கோலுக்குள் போகாமல் குறுக்கே விழுந்து மறிப்பதுதான் என் வேலை. கோல் போட்டவனைக் கட்டிப்பிடித்துக் கொண்டாடுவார்கள். மறித்தவனுக்கு வீக்கத்தில் வைக்க ஒரு ஐஸ் பை கொடுப்பார்கள். படித்து முடிக்கும்வரை எனக்குக் கிடைத்தவை பெரும்பாலும் ஐஸ் பைகள்தான்.

முதன்முதலில் ஸ்கேட்டில் ஏறியது சுவிஸில். நான் பிறந்த ஊரில் பனிக்காலத்தில் பிள்ளைகளுக்கு வேறு போக்கிடம் கிடையாது. அப்பா அங்கே ஒரு ரெஸ்டோரண்ட் குசினியில் வேலை செய்தார். பிறகு, பலரும் செய்ததுபோல, நாங்களும் லண்டனுக்கு வந்து வெம்பிளியில் குடியேறினோம். பிள்ளை இங்கிலீஷில் படித்தால் உருப்படும் என்பது அப்பாவின் எண்ணம். பிள்ளை இங்கிலீஷில் படித்தான், ஆனால் ஹாக்கித் தடியை விடவில்லை. எல்லாப் போட்டிகளுக்கும் அப்பாதான் காரில் கூட்டிப்போவார். அம்மா ஒருநாளும் வந்ததில்லை. "பெத்த பிள்ளையை நாலு பேர் இடிக்கிறதை ஆர் போய்ப் பாக்கிறது?" என்பார்.

என் கடைசி வருடத்தில், வேலைத்தலத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு கதிரையில் இருந்த அப்பா பிறகு எழும்பவில்லை. நான் ஒரே பிள்ளை. மொட்டை அடித்துக்கொண்டு, தகனசாலையில் ஐயர் காட்டிய பொத்தானை அழுத்தினேன். லிப்டுக்கு அழுத்துவது போலத்தான் இருந்தது. எனக்கு ஒன்றும் தோன்றவில்லை, அதைப் பற்றிக் கவலையும் வரவில்லை. கவலையெல்லாம் அம்மாவைப் பற்றித்தான். அவர் அழவே இல்லை. பெட்டிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு, வந்தவர்களிடம் "தேத்தண்ணி குடிச்சனீங்களோ?" என்று கேட்டுக்கொண்டிருந்தார். வீட்டுக்கு வந்தபின் அந்தப் பேச்சும் நின்றது. கொடுத்ததைக் கொறித்தார், காட்டிய இடத்தில் இருந்தார்.

அம்மாவின் அக்கா, என் பெரியம்மா, கிங்ஸ்பரியிலிருந்து வந்து எங்களோடு தங்கினார். "அழாட்டி நெஞ்சுக்குள்ளை கட்டிப்போடும். எப்பிடியாவது அவளை அழப்பண்ண வேணும்," என்று என்னிடம் குசுகுசுத்தார். அப்பாவின் படத்துக்கு முன்னால் அம்மாவை இருத்திப் பார்த்தார். கலியாண அல்பத்தை அம்மாவின் மடியில் வைத்துப் பார்த்தார். கடைசியில் தானே குரலெடுத்து ஒப்பாரி வைத்தார். அம்மா எழும்பிப் போய் அவருக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்.

எனக்குப் பயமாக இருந்தது. அப்பா போய்விட்டார், அம்மாவும் போய்க்கொண்டிருக்கிறார் என்று நினைத்தேன். அந்தப் பயம்கூட வேறு யாருக்கோ வந்த பயம்போலத் தள்ளித்தான் நின்றது.

எட்டாம் நாள் கிரியையான எட்டுச் செலவு முடிந்து வந்த சனிக்கிழமை மத்தியானம் எங்கள் அணியின் கடைசி ஆட்டம். டிபென்ஸில் ஆள் இல்லை, வர முடியுமா என்று கப்டன் கேட்டிருந்தான். வருகிறேன் என்று எழுதிவிட்டேன். ஆசைப்பட்டுப் போகவில்லை. வீட்டில் இருக்க முடியவில்லை, அவ்வளவுதான்.

"கொள்ளி வைச்ச பிள்ளை! இன்னும் முப்பத்தொண்டாம் நாள் கிரியை முடியேல்லை, தடி தூக்கிக்கொண்டு விளையாடப் போறானாம்!" என்று பெரியம்மா வாசலை மறித்தார். மறிப்பதில் அவர் என்னைவிடக் கெட்டிக்காரி.

அம்மா செற்றியிலிருந்து எழும்பினார். "நானும் வாறன்."

"உனக்கென்ன விசரோ? செத்தவீட்டுத் துடக்கோடை எங்கை போகப்போறாய்?"

"கோயிலுக்குப் போகேலாது. கலியாணவீடு, சாமத்தியவீடு ஒண்டுக்கும் போகேலாது. ஐஸுக்கு என்னக்கா துடக்கு?"

அத்தனை நாளில் அம்மா பேசிய நீளமான பேச்சு அது. பெரியம்மா வாசலை விட்டு விலகினார். ஐஸ் ரிங்கைப் பற்றிச் சாத்திரத்தில் ஒன்றும் சொல்லியிருக்க மாட்டார்கள்.

அப்பாவின் காரை நான் ஓட்டினேன். ரிங்கில் பார்வையாளர் என்று இருந்தவர்கள் ஒரு கைப்பிடி சனம். அம்மா தடித்த ஜாக்கெட்டோடு முன்வரிசையில், ஹாண்ட்பாக்கை மடியில் வைத்துக்கொண்டு இருந்தார். மொட்டைத் தலையில் ஹெல்மெட் ஆடியது, உள்ளே ஒரு துண்டைச் சுற்றிக்கொண்டு இறங்கினேன்.

தோற்றுக்கொண்டிருந்தோம். ஆட்டம் முடியப்போகிற நேரத்தில் எதிரணிக்காரன் ஒருவன் கிட்ட வந்து ஓங்கி அடித்தான். நான் பழக்கதோஷத்தில் குறுக்கே விழுந்தேன். பக் கணுக்காலில் பட்டது. நடுவர் விசில் ஊதினார். வலி கொஞ்சம் பிந்தித்தான் வந்தது, அதுவும் தாங்கக்கூடிய வலிதான்.

அப்போது அம்மாவின் குரல் கேட்டது.

"இஞ்சேருங்கோ! இஞ்சேருங்கோப்பா! பிள்ளை விழுந்திட்டான், எழும்பிப் போய்ப் பாருங்கோவன்!"

தலையைத் தூக்கிப் பார்த்தேன். அம்மா எழுந்து நின்று, பக்கத்துக் கதிரையைப் பார்த்துக் கத்திக்கொண்டிருந்தார். தோளை உலுக்குவதற்காகக் கையை நீட்டியிருந்தார். கதிரை வெறுமையாக இருந்தது. நீட்டிய கை அப்படியே நின்றது.

பிறகு அந்தக் கையால் நெஞ்சில் அடித்தார். "ஐயோ என்ரை ராசா! என்னைத் தனிய விட்டிட்டுப் போட்டியளே!" அந்தப் பெரிய தகரக் கூரைக்குக் கீழே அவருடைய குரல் மட்டும்தான். இரண்டு அணிக்காரரும் என் காலைத்தான் பார்த்தார்கள். கால் முறிந்துவிட்டதாக நினைத்திருப்பார்கள்.

நடுவர் குனிந்து, எழும்ப முடியுமா என்று கேட்டார். முடியும். தடியை ஊன்றி எழும்பிக் கையைக் காட்டினால் எல்லோரும் கைதட்டுவார்கள். அம்மாவும் கண்ணைத் துடைத்துக்கொண்டு இருந்துவிடுவார்.

முடியாது என்று தலையாட்டினேன். அம்மா அழுது முடிக்கும்வரை அப்படியே கிடந்தேன்.