நீச்சல் தடாகத்தில் ஒரு குறுக்குக்கட்டு

ஊரில் இருக்கிற நீங்கள் நம்பமாட்டீர்கள். இங்கே நீச்சல் தடாகத்தில் உடுப்பு மாற்றும் அறையில், என் வயதுப் பெண்கள் உடம்பில் ஒரு நூலும் இல்லாமல் நின்று, பேரப்பிள்ளைகளின் படத்தைக் காட்டிக் கதைக்கிறார்கள். முதல் நாள் நான் சுவரைப் பார்த்தபடி நின்றேன். சுவரிலும் கண்ணாடி பதித்திருந்தார்கள்.

முழங்கால் இரண்டும் மடங்க மறுத்ததால் வந்த வினை. தண்ணீருக்குள் நடந்து பாருங்கள், இல்லாவிட்டால் கத்தி வைக்க வேண்டும் என்று டொக்டர் சொல்லிவிட்டார். மகள் ஒரு கறுப்பு நீச்சல் உடை வாங்கி வந்தாள். விரித்துப் பார்த்தேன். என்னில் பாதி அதற்குள் போகும். மற்றப் பாதியை எங்கே வைப்பது?

"அம்மா, அங்க ஒருத்தரும் உங்களைப் பாக்கமாட்டினம்."

"வெள்ளைக்காரி பாத்தால் பாக்கட்டும். எங்கட ஆக்கள் பாத்தால்?"

சிட்னியில், அதுவும் நாங்கள் இருக்கிற பென்டில் ஹில்லில், எங்கள் ஆட்கள் இல்லாத இடம் ஏது? போன வருஷம் நான் மெலிந்தபோது கோயிலில் மகேஸ்வரி, "என்னக்கா, மகள் சாப்பாடு தாறேல்லையோ?" என்றாள். இந்த வருஷம் ஊதியதும், "மகள் நல்லாத்தான் பாக்கிறாள் போல" என்றாள். அவள் கண்ணுக்குத் தப்பிய வயிறு கிடையாது.

ஊரில் கிணற்றடியில் குறுக்குக்கட்டோடு குளித்தவள் நான். நெஞ்சுக்கு மேலே துணியை இழுத்துக் கட்டினால் தோளும் காலும் தெரியும்தான். அதை ஒருவரும் குறையாக எண்ணியதில்லை. அதே கட்டோடு இங்கேயும் இறங்கினேன். வாளித் தண்ணீருக்கு அடங்கிய துணி இந்தத் தண்ணீரில் குடைபோல விரிந்து, என் முகத்துக்கு முன்னால் மிதந்தது. முன்னால் அமுக்கினேன், பின்னால் கிளம்பியது. ஏதோ ஆட்டம் காட்டுகிறேன் என்று நினைத்து, பயிற்சி கொடுக்கும் பெட்டை "லவ்லி! லவ்லி!" என்று கை தட்டினாள். மறைக்க வந்த துணியே எல்லாவற்றையும் காட்டிவிட்டது. நல்ல காலம், அன்று எங்கள் ஆட்கள் ஒருவரும் இல்லை.

அடுத்த கிழமை கறுப்பு உடையைப் போட்டேன். துவாயால் போர்த்தபடி ஏணிவரை வந்து, துவாயை விட்டேன். கழுத்துவரை அமிழ்ந்த பிறகுதான் மூச்சு வந்தது. திரும்பினால் பக்கத்தில் மகேஸ்வரி. அவளும் கழுத்துவரை.

"அக்கா... கோயிலில சொல்லிப்போடாதேங்கோ."

"நான் என்னத்தைக் கண்டனான்? உம்மட தலையைத்தானே கண்டனான்."

அவள் சிரித்த சிரிப்பில் தண்ணீர் என் வாய்க்குள் போனது. பிறகு இருவரும் நடக்கத் தொடங்கினோம். தண்ணீருக்கு மேலே இரண்டு கொண்டைகளும் திருநீற்று நெற்றிகளும் கோயில் வீதி சுற்றுவதுபோல் அடக்கமாகப் போயின. தண்ணீருக்குக் கீழே நான்கு வெறுங்கால்கள், ஒருவரையும் கேட்காமல், சிட்னியில் துள்ளிக்கொண்டிருந்தன.